ஐ-10 சாலையில் ‘ரைடின் டர்ட்டி’: யூஜிகே-வின் ஊருக்கு ஒரு பயணக் குறிப்பு

வியாழன்: ஹூஸ்டன்

யூஜிகே (அண்டர்கிரவுண்ட் கிங்ஸ்) என்ற ராப் இரட்டையரைத் தேடி டெக்சஸ் வருகிறவர்கள் விமான நிலையத்திலிருந்து நேரே போர்ட் ஆர்தருக்கு வண்டியை விட்டுவிட வேண்டாம். ஒரு பகலை ஹூஸ்டனுக்கு ஒதுக்குங்கள். பன் பி (பெர்னார்ட் ஃப்ரீமன்), பிம்ப் சி (சாட் பட்லர்) இருவரும் வளர்ந்தது போர்ட் ஆர்தர் என்ற எண்ணெய் ஊரில். அவர்கள் கேசட் விற்றதும் பெயர் எடுத்ததும் 90 மைல் மேற்கே இருக்கும் ஹூஸ்டனில். 1996 ஜூலை 30 அன்று வெளிவந்த ‘ரைடின் டர்ட்டி’ ஆல்பத்தை இந்த இரண்டு ஊர்களுக்கும் நடுவே ஓடும் சாலையின் ஆல்பம் என்றுதான் சொல்ல வேண்டும். தலைப்பே காரில் போதைப் பொருள் போன்ற கூடாத சரக்கை வைத்துக்கொண்டு, போலீஸ் கண்ணில் படாமல் ஊர் போய்ச் சேர்வதைப் பற்றியது. அந்தப் பயத்தோடும், ஊர் நினைப்போடும், ஒரு நிதானமான வேகத்தோடும் ஓடுகிற பாடல்கள் இவை. சாலையைப் பார்க்காமல் ஹெட்ஃபோனில் கேட்டால் பாதிதான் வந்து சேரும்.

1987-ல் பள்ளிப் பருவத்தில் தொடங்கிய குழு. 1992-ல் ஹூஸ்டனின் கிங்ஸ் ஃப்ளீ மார்க்கெட்டில் கேசட் கடை வைத்திருந்த ரஸ்ஸல் வாஷிங்டன், தன் பிக்டைம் நிறுவனத்தின் பெயரில் இவர்களின் முதல் கேசட்டான ‘த சதர்ன் வே’யை வெளியிட்டார். அதே ஆண்டில் ஜைவ் இசை நிறுவனம் இவர்களை எடுத்துக்கொண்டது. தெற்கத்தி ராப் இசைக்கு வானொலியில் இடமில்லாத காலம் அது. சந்தைக் கடை, கார் டிக்கி, நண்பனின் டேப் டெக் என்று கைமாறித்தான் பாட்டு பரவியது.

காலையில் ஹூஸ்டன் பல்கலைக்கழகத்தின் எம்.டி. ஆண்டர்சன் நூலகத்துக்குப் போங்கள். அங்குள்ள சிறப்புத் தொகுப்புகள் பிரிவில், பாடல்களின் வேகத்தைக் குறைத்துக் கலந்து கேசட் செய்த டிஜே ஸ்க்ரூ சேர்த்த இசைத்தட்டுகளும் ஹூஸ்டன் ஹிப்-ஹாப் சார்ந்த ஆவணங்களும் பாதுகாக்கப்படுகின்றன. இதற்காகவே பயணத்தை வார நாளில் தொடங்குவது நல்லது. எந்தப் பெட்டி வேண்டும் என்று சில நாட்கள் முன்பே மின்னஞ்சலில் சொல்லிவிடுங்கள். சொல்லாமல் போனால் கிடங்கிலிருந்து எடுத்து வரும்வரை காத்திருந்தே பகல் கழிந்துவிடும். இப்படிப்பட்ட வாசிப்பறைகளில் பையை வெளியே வைத்துவிட்டுப் பென்சிலோடு மட்டும்தான் உள்ளே விடுவார்கள். படம் எடுக்கலாமா என்பதை முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள்.

யூஜிகே-வைத் தேடி வந்தவர் எதற்கு டிஜே ஸ்க்ரூவைப் பார்க்க வேண்டும்? ஸ்க்ரூ ஹூஸ்டன் காதுகளுக்குப் பழக்கிய வேகத்தைத் தெரிந்துகொள்ளாமல் ‘ரைடின் டர்ட்டி’ ஏன் இவ்வளவு மெதுவாக நடக்கிறது என்பது புரியாது. ராபர்ட் ஏர்ல் டேவிஸ் என்ற அவரும் ஸ்மித்வில் என்ற சின்ன ஊர்க்காரர்தான். அவர் வேலை செய்த விதம் இது. இசைத்தட்டு சுழலும் டர்ன்டேபிள் இரண்டு, நடுவே ஒரு மிக்ஸர். ஒரே இசைத்தட்டின் இரண்டு பிரதிகள் ஓடும், ஒன்று மற்றதைவிட ஒரு பீட் பின்னால். ஒலியை ஒரு தட்டிலிருந்து மற்றதற்கு மாற்றும் கிராஸ்ஃபேடரை வெடுக்கென்று அந்தப் பக்கம் தள்ளி இந்தப் பக்கம் இழுத்தால் ஒரே சொல் இரண்டு முறை விழும். இப்படிக் கலந்து கேசட்டில் பதிந்ததை, வேகம் குறைக்கும் திருகு உள்ள டெக்கில் ஓட்டி இன்னொரு கேசட்டுக்கு மாற்றுவார். குரல் கனத்துக் கீழே இறங்கும், டிரம் இடைவெளி விட்டு விழும்.

வீட்டில் செய்து பார்ப்பவர்கள் சறுக்குவது இரண்டு இடங்களில். வழக்கமான டெக்னிக்ஸ் டர்ன்டேபிளில் பிட்ச் நெம்பை முழுக்க இழுத்தாலும் 8 சதவீதத்துக்கு மேல் குறையாது, அதனால்தான் டேப் டெக் தேவைப்பட்டது. கணினியில் செய்பவர்கள் சுருதியை அப்படியே வைத்துக்கொண்டு டெம்போவை மட்டும் குறைப்பார்கள். அது ஸ்க்ரூ ஒலி ஆகாது. வேகமும் சுருதியும் சேர்ந்தே இறங்க வேண்டும்.

மதியத்துக்கு மேல் தெற்கே, 3538 வெஸ்ட் ஃபுக்வா தெருவில் உள்ள ஸ்க்ரூட் அப் ரெக்கார்ட்ஸ் அண்ட் டேப்ஸ் கடை. 1998-ல் கல்லன் பூலவார்டில் தொடங்கியது, பின்னால் இங்கே இடம் மாறியது. பழைய கேசட்டுகளை அத்தியாய எண் போட்டு சிடியாக விற்கிறார்கள். அலைபேசியில் பட்டியலை வைத்துக்கொண்டு எண் சொல்லிக் கேட்டால் வேலை சீக்கிரம் முடியும். முதல் முறை வாங்குகிறவர்கள் ‘ஜூன் 27த்’ தொகுப்பைக் கேளுங்கள். ஒரு நண்பரின் பிறந்தநாளுக்காக 1996-ல் பதிவான அதில் 35 நிமிடத்துக்கும் மேல் நீளும் ஒரே பாட்டு இருக்கிறது. அடுத்த மாதமே ‘ரைடின் டர்ட்டி’ வந்தது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் அந்தக் கோடையில் ஹூஸ்டன் கார்களுக்குள் என்ன ஒலித்துக்கொண்டிருந்தது என்று பிடிபடும்.

இந்த இசையோடு ஒட்டிக்கொண்ட ஒரு விஷயத்தை மறைக்கக் கூடாது. கோடீன் கலந்த இருமல் மருந்தைச் சோடாவில் ஊற்றிக் குடிக்கும் பழக்கம் இங்கே பல உயிர்களைக் குடித்திருக்கிறது. 2000 நவம்பரில் ஸ்க்ரூ போனார். 2007 டிசம்பர் 4-ல், 33 வயதில் பிம்ப் சி போனார். அந்த மருந்தின் விளைவும் தூக்கத்தில் மூச்சுத் தடைபடும் நோயும் சேர்ந்து காரணம் என்று மரண விசாரணை அதிகாரி சொன்னார். பாட்டில் வரும் பெருமைப் பேச்சைக் கேட்கும்போது இதையும் மனதில் வைத்துக்கொண்டே கேட்க வேண்டும்.

வெள்ளி: ஐ-10 கிழக்கு, போர்ட் ஆர்தர்

காலை 9 மணிக்கு மேல் கிளம்புங்கள். அதற்கு முன் ஹூஸ்டன் நெரிசல் ஒன்றரை மணி நேரப் பயணத்தை இரண்டரை மணி நேரமாக்கிவிடும். இந்திய உரிமத்தோடு பன்னாட்டு ஓட்டுநர் அனுமதியும் கையில் இருக்கட்டும். சுங்கச் சாலையில் ஏறினால் பெரும்பாலும் கேமராதான் எண் தகட்டைப் படம் பிடிக்கும். கட்டணம் வாடகை நிறுவனம் வழியாக, அவர்களுடைய சேவைக் கட்டணமும் சேர்ந்து வரும். ஐ-10-க்குச் சுங்கம் இல்லாமலே போக வழி உண்டு, வழிகாட்டிச் செயலியில் சுங்கத்தைத் தவிர்க்கும்படி அமைத்துவிடுங்கள்.

போலீஸ் வண்டி பின்னால் விளக்குப் போட்டால் செய்ய வேண்டியது: வலது ஓரம் ஒதுங்கி நிறுத்தி, கண்ணாடியை இறக்கி, இரண்டு கைகளையும் ஸ்டியரிங்கின் மேல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருங்கள். நம் ஊரில் போல இறங்கிப் போய்ப் பேசக் கூடாது, இங்கே அதை மிரட்டலாக எடுத்துக்கொள்வார்கள். ஓரத்தில் போலீஸ் வண்டியோ மீட்பு வண்டியோ விளக்கெரிய நின்றால் அடுத்த தடத்துக்கு மாற வேண்டும், முடியாவிட்டால் வேக வரம்பைவிட 20 மைல் குறைக்க வேண்டும் என்பது டெக்சஸ் சட்டம். வெளியூர்க்காரர்கள் இதில்தான் அதிகம் மாட்டுகிறார்கள்.

பேடவுன் தாண்டி டிரினிட்டி ஆற்றுப் பாலம் ஏறி இறங்கியதும் நகரம் விட்டுவிடும். தட்டையான நிலம். வின்னி ஊரைச் சுற்றிலும் நெல் வயல்கள், வரப்பும் வாய்க்காலுமாக. அறுவடைக்குப் பின் அதே வயல்களில் தண்ணீர் கட்டி, கிராஃபிஷ் என்ற சிறு நன்னீர் இறால் வகையை வளர்ப்பவர்களும் உண்டு. வின்னியில் ஐ-10-ஐ விட்டு 73-ஆம் நெடுஞ்சாலைக்கு இறங்க வேண்டும். அதற்கு மேல் சதுப்பு நிலம்தான், பெட்ரோலும் கழிப்பறையும் வின்னியிலேயே முடித்துக்கொள்ளுங்கள். டெய்லர் பாயூ பக்கம் கரையோரம் நிற்பதாக இருந்தால் முதலைகள் உண்டு என்பது நினைவிருக்கட்டும். கொசு மருந்து பையின் அடியில் கிடக்கக் கூடாது, கைக்கு எட்டுகிற இடத்தில் வேண்டும்.

ஆல்பத்தை இன்று போடாதீர்கள். அது திரும்பும் வழிக்கு. இன்று ஒலியை மட்டும் சரிசெய்து வையுங்கள். வாடகைக் காரில் எல்லோரும் முதலில் செய்வது பேஸை முழுக்க ஏற்றுவது. கதவுக்குள் இருக்கும் சின்ன ஸ்பீக்கர் அதைத் தாங்காது, பிளாஸ்டிக் மூடி அதிர்ந்து கீழ்ஸ்தாயி கலங்கிவிடும். பேஸை இரண்டு மூன்று படி மட்டும் ஏற்றி, ஒலியைக் கொஞ்சம் பின்பக்க ஸ்பீக்கர்களுக்கு நகர்த்தினால் போதும். ப்ளூடூத்தைவிட கம்பி இணைப்பு தெளிவாக இருக்கும். பாடல்களை முன்கூட்டியே தரவிறக்கிக்கொள்ளுங்கள், சதுப்பு நிலத்தில் சிக்னல் போய்ப் போய் வரும். செயலியில் பாடல்களை ஒன்றன்மேல் ஒன்று கரைத்து ஓட்டும் வசதியையும் கலைத்துப் போடும் வசதியையும் அணைத்துவிடுங்கள். பாடல்களுக்கு நடுவே ஸ்மோக் டி என்ற நண்பர் சிறையிலிருந்து பேசி அனுப்பிய குரல் பதிவுகள் வருகின்றன. அவை வரிசை மாறினால் ஆல்பத்தின் முதுகெலும்பே முறிந்துவிடும்.

ஊருக்குள் நுழையும்போது முதலில் தெரிவது குழாய்களும் தொட்டிகளும் புகைபோக்கிகளும். மக்கள்தொகை சுமார் 56,000. ஆனால் நாட்டிலேயே பெரிய சுத்திகரிப்பு ஆலைகளில் ஒன்றான மோட்டிவா இங்கே இருக்கிறது, ஒரு நாளைக்கு 6 லட்சம் பீப்பாய்க்கு மேல் திறன். அதோடு வலேரோ, டோட்டல்எனர்ஜிஸ் ஆலைகள். இத்தனை பணம் பாயும் ஊரில் பழைய கடைவீதியான ப்ராக்டர் தெரு வெறிச்சென்று கிடக்கிறது. 1929-ல் கட்டிய பத்து மாடி சபீன் ஹோட்டல் அந்தக் காலத்துச் செழிப்பின் அடையாளம். காலிக் கட்டடங்களுக்குள் நுழையாதீர்கள், தளம் உளுத்திருக்கும், அத்துமீறல் வழக்கும் வரும்.

அதே தெருவில் 700-ஆம் எண்ணில் மியூசியம் ஆஃப் த கல்ஃப் கோஸ்ட். திறக்கும் நேரத்தைத் தொலைபேசியில் கேட்டுக்கொண்டு போங்கள். இந்த வட்டாரம் எவ்வளவு இசைக்காரர்களைத் தந்தது என்பது இங்கேதான் உறைக்கும். பாடகி ஜானிஸ் ஜாப்ளின் இந்த ஊர்க்காரர், அவருடைய வண்ணம் தீட்டிய போர்ஷே காரின் மாதிரி இங்கே நிற்கிறது. ஓவியர் ராபர்ட் ரவுஷன்பெர்க் பிறந்ததும் இங்கே. சைடகோ என்ற லூசியானா நடன இசையின் மன்னர் எனப்பட்ட கிளிஃப்டன் செனியர் போர்ட் ஆர்தர் ஆலைகளில் கூலி வேலை பார்த்தபடி அக்கார்டியன் வாசித்தவர். இருபது மைல் தள்ளி போமான்ட்டில் இடக்கையால் கிட்டார் வாசித்துப் பாடிய பார்பரா லின். சபீன் ஏரியின் அக்கரை லூசியானா.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். யூஜிகே-வை ‘ஹூஸ்டன் ராப்’ என்ற பெட்டிக்குள் போடுகிறவர்கள் தவறவிடுவது இதைத்தான். பிம்ப் சி தங்கள் இசையை ஹிப்-ஹாப் என்று சொல்லாமல் ‘கன்ட்ரி ராப் ட்யூன்ஸ்’ என்றே சொல்வார். அவர் அப்பா டிரம்பெட் வாசித்தவர். அம்மாவின் இரண்டாவது கணவர் பள்ளி பேண்ட் வாத்தியார், வெறும் சத்தமாக இருக்கிற ராப்பில் கொஞ்சம் இசையைச் சேர் என்று பையனுக்குச் சொன்னவர். பையன் பள்ளிப் பாடகர் குழுவில் முறையாகப் பாடப் பழகியவன். பிம்ப் சி ஆர்கனை எடுத்துக்கொண்டபோது, லூசியானாக்காரரான என்.ஓ. ஜோ தன் ‘கம்போ ஃபங்க்’ பாணியோடு தயாரிப்பில் வந்து சேர்ந்தார். நியூயார்க்கில் அன்றைக்கு வழக்கமாக இருந்த முறை பழைய தட்டிலிருந்து நாலு நொடியை வெட்டிச் சுற்றவிடுவது. இவர்கள் பழைய பாட்டின் சாயலை எடுத்துக்கொண்டு அதன்மேல் பேஸ், கிட்டார், ஆர்கன் என்று கையால் வாசித்து நிரப்பினார்கள். அதனால் பாட்டு மூச்சுவிடுகிறது. ஒரே சுழற்சியில் அடைபடாமல் நாலைந்து நிமிடம் சலிக்காமல் போகிறது. தலைப்புப் பாடலில் வெஸ் மான்ட்கமரியின் ஜாஸ் கிட்டார் வருவதைக் கேளுங்கள். சட்டத்துக்குப் பயந்து ஓடுகிற கதைக்கு இவ்வளவு மென்மையான கிட்டாரா என்று தோன்றும். அந்த மென்மைதான் இந்த ஊர்.

சனி: வேலியோரம், ஏரி, பாலம்

காலையில் மேற்குப் பகுதி. கறுப்பின மக்கள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த இடம். முதல் கேசட் காலத்திலேயே ‘ஷார்ட் டெக்சஸ்’ என்ற பாட்டில் யூஜிகே பேசிய ஊர்ப்பக்கம். வீட்டுப் பின்முற்றம் முடியும் இடத்தில் ஆலை வேலி தொடங்குகிறது. கந்தக வாடை சில நாள் லேசாக, சில நாள் தொண்டையைப் பிடிக்கும் அளவுக்கு. ஆஸ்துமா உள்ளவர்கள் இன்ஹேலரைக் காரில் விட்டுவிட்டு இறங்க வேண்டாம். இந்தப் பகுதியில் வளர்ந்து, ஆலைகளின் நச்சுப் புகைக்கு எதிராகப் போராடிய ஹில்டன் கெல்லிக்கு 2011-ல் கோல்ட்மன் சுற்றுச்சூழல் விருது கிடைத்தது. இவர்கள் பாட்டில் சரக்கு விற்பவன் மட்டும்தானே வருகிறான் என்று கேட்கிறவர்கள் இந்தத் தெருக்களில் ஒரு மணி நேரம் நடந்து பார்க்கட்டும்: வேலிக்கு அந்தப் பக்கம் உலகத்துக்கே எண்ணெய், இந்தப் பக்கம் பூட்டிய கடைகள். பாட்டில் வருகிறவன் எங்கிருந்து வந்தான் என்பதற்கு வேறு விளக்கம் தேவைப்படாது.

நடைமுறை விஷயங்கள். ஆலைகளைப் பொதுச் சாலையில் நின்று படம் எடுப்பது குற்றமில்லை, ஆனால் காவலர் வண்டி வந்து விசாரிக்கும். யார், எதற்கு என்று அமைதியாகச் சொன்னால் பெரும்பாலும் அதோடு முடிந்துவிடும். வாயில் முன் நிறுத்துவது, டிரோன் பறக்கவிடுவது இரண்டும் வேண்டாம். மனிதர்கள் வாழும் தெரு என்பதால் வீடுகளையும் ஆட்களையும் கேட்காமல் படம் பிடிக்காதீர்கள். சரக்கு ரயில் குறுக்கே வந்தால் தொட்டி தொட்டியாக முடிவில்லாமல் போகும், எங்கே போவதாக இருந்தாலும் 20 நிமிடம் கூடுதலாக வைத்துக்கொள்ளுங்கள். விபத்து எச்சரிக்கை வந்து உள்ளேயே இருக்கச் சொன்னால், கட்டடத்துக்குள் போய் கதவு ஜன்னலை மூடி ஏசியையும் அணைக்க வேண்டும். ஏசி ஓடினால் வெளிக்காற்றை உள்ளே இழுத்துவிடக்கூடும்.

பழைய பள்ளிகளைத் தேடுகிறவர்களுக்கு: லிங்கன், ஜெஃபர்சன், ஆஸ்டின் ஆகிய மூன்று உயர்நிலைப் பள்ளிகளையும் 2002-ல் ஒன்றாக்கி மெமோரியல் என்று பெயர் வைத்துவிட்டார்கள்.

மதியச் சாப்பாட்டுக்கு, பருவம் இருந்தால் கிராஃபிஷ். பிப்ரவரி தொடங்கி மே வரை நல்ல பருவம். எடைக்குத்தான் தருவார்கள், ஓடு போக வாலில் சதை கொஞ்சம்தான் என்பதால் ஆளுக்கு 3 முதல் 5 பவுண்டு ஆகும். மசாலாத் தண்ணீர் கொதித்ததும் உள்ளே போட்டு நாலைந்து நிமிடம், பிறகு அடுப்பை அணைத்து அதே தண்ணீரில் 20 நிமிடம் ஊற விடுவார்கள். காரம் ஏறுவது அந்த ஊறலில்தான். அதிக நேரம் கொதித்துவிட்டால் சதை ஓட்டோடு ஒட்டிக்கொண்டு உரிக்கவே வராது. தலையைத் திருகி எடுத்து, வாலின் அடியை விரலால் அழுத்தி இழுங்கள். வியட்நாம் குடும்பங்கள் 1970-களுக்குப் பின் இந்தக் கரையில் குடியேறி இறால் படகு ஓட்டியதால், பூண்டும் வெண்ணெயும் புரட்டிய கிராஃபிஷும் கிடைக்கும். சைவக்காரர்கள் ஒன்றுக்கு இரண்டு முறை கேட்டுக்கொள்ளுங்கள். இங்கே பீன்ஸிலும் கீரையிலும் பன்றி இறைச்சி போட்டுத்தான் வேகவைப்பார்கள், சோறு அடைத்த பூடான் தொத்திறைச்சியிலும் பன்றி ஈரல் உண்டு.

வெயில் தாழ்ந்ததும் ஏரிப் பக்கம். கடல் நீர் ஊருக்குள் வராமல் தடுக்க எழுப்பிய கரைச் சுவருக்கு அப்பால் கப்பல் கால்வாய். தெருவில் நின்று பார்த்தால் தண்ணீர் தெரியாது. கரைக்கு மேலே ஒரு எண்ணெய்க் கப்பலின் மேல்தளமும் கொடியும் மட்டும் வீடுகளின் கூரையை ஒட்டி நகர்ந்துபோகும். மார்ட்டின் லூதர் கிங் பாலத்தைத் தாண்டி ப்ளெஷர் ஐலண்டில் நின்றால் முழுக் கப்பலையும் பார்க்கலாம்.

பிறகு ரெயின்போ பாலம். 1938-ல் திறந்தது, நீர்மட்டத்திலிருந்து 177 அடி இடைவெளி. அந்தக் காலத்தில் கடற்படையின் உயரமான கப்பல் ஒன்று அடியில் போக வேண்டும் என்று கணக்கிட்டு இவ்வளவு உயரம் வைத்தார்கள். ஏற்றம் செங்குத்து, உச்சி வரும்வரை எதிரே வானம்தான் தெரியும். உயரம் ஆகாதவர்கள் ஸ்டியரிங்கை இன்னொருவரிடம் கொடுத்துவிடுங்கள். பாலத்தின் மேல் நிறுத்த இடமில்லை. படம் வேண்டுமானால் பிரிட்ஜ் சிட்டி பக்கம் இறங்கிக் கீழிருந்து எடுங்கள்.

திரும்பும் வழியில் க்ரோவ்ஸில் உள்ள கிரீன்லான் மெமோரியல் பார்க் கல்லறைத் தோட்டத்தில் பிம்ப் சி இருக்கிறார். பொழுது சாய்வதற்குள் போய்விடுங்கள், இடத்தை அலுவலகத்தில் கேட்டால் சொல்வார்கள். பக்கத்தில் மற்றவர்களின் உறவினர்கள் வந்திருப்பார்கள், காரில் பாட்டுச் சத்தத்தைக் குறைத்துவிடுங்கள். கல்லறையின் மேல் எதையும் ஊற்றவோ ஒட்டவோ வேண்டாம். அவருடைய இறுதி நிகழ்ச்சி நடந்த பாப் பவர்ஸ் சிவிக் சென்டர் 73-ஆம் நெடுஞ்சாலையை ஒட்டித்தான் இருக்கிறது. 2017-ல் ஹார்வி புயலின்போது அடைக்கலம் தேடி மக்கள் அங்கே போக, அதற்குள்ளும் வெள்ளம் புகுந்தது. ரீட்டா, ஐக், ஹார்வி என்று அடுத்தடுத்து அடி வாங்கிய ஊர் இது. ஜூன் முதல் நவம்பர் வரை வருகிறவர்கள் தங்குமிடத்தைப் பணம் திரும்பக் கிடைக்கும் வகையில் பதிவு செய்யுங்கள்.

இன்றிரவு ஒரே ஒரு பாட்டு மட்டும்: ‘ஒன் டே’. ஐஸ்லி பிரதர்ஸின் பழைய பாடலை அடியில் வைத்து, ரானி ஸ்பென்சர் பல்லவி பாடுகிறார். முதல் சரணம் ஹூஸ்டன்காரரான மிஸ்டர் 3-2, பிறகு பன் பி, கடைசியில் பிம்ப் சி. நேற்று இருந்தவர் இன்றில்லை என்பதுதான் பாட்டு. பிம்ப் சி தன் முறை வரும்போது தத்துவம் பேசுவதில்லை. நண்பன் ஒருவன் வீட்டுத் தீயில் குழந்தையைப் பறிகொடுத்ததைச் சொல்லிவிட்டு, கடவுளிடம் நேராகக் கேள்வி கேட்கிறார். இந்த ஆல்பத்தில் முதல் பாடலாக இதை வைக்கத் துணிந்ததே பெரிய விஷயம். கொண்டாட்டப் பாட்டோடு தொடங்குவதுதான் அன்றைய வழக்கம். இவர்கள் சாவு வீட்டிலிருந்து தொடங்கினார்கள்.

ஞாயிறு: போமான்ட் வழியாகத் திரும்புதல்

காலையில் கறுப்பின மக்களின் சர்ச் ஒன்றில் ஆராதனைக்குப் போக முடிந்தால் போங்கள். யூஜிகே பாடல்களில் பின்னால் நீண்டு இழைகிற ஆர்கன் ஒலி எந்த மண்ணில் விளைந்தது என்பதை நேரில் கேட்கலாம். போதகர் பேசப் பேச, ஆர்கன் அவர் சொல்லின் முடிவில் ஒரு கார்டை வைத்துப் பதில் சொல்லும். பன் பி-யின் கனத்த குரலுக்குப் பின்னால் நடப்பதும் அதேதான். நல்ல உடை போட்டுக்கொள்ளுங்கள், பின்வரிசையில் உட்காருங்கள், அலைபேசியில் பதிவு செய்யாதீர்கள், இரண்டு மணி நேரமாவது ஒதுக்குங்கள். நடுவில் எழுந்து வருவது மரியாதையில்லை.

போமான்ட்டில் ஸ்பிண்டில்டாப் அருங்காட்சியகம் உண்டு. 1901 ஜனவரி 10-ல் எண்ணெய் பீறிட்ட நிகழ்வை நினைவூட்டுவது. போர்ட் ஆர்தரின் ஆலைகள் அதன் பின்விளைவுதான். நேரம் குறைவென்றால் விட்டுவிடலாம். விடக் கூடாதது இந்த வட்டாரத்தின் மாட்டிறைச்சித் தொத்திறைச்சி. பூண்டும் மிளகாயும் போட்டு, கொழுப்பு சிவந்து ஒழுகும். மேல் தோல் தடிப்பானது, அதைக் கடிக்காமல் உள்ளிருப்பதை ரொட்டிமேல் பிதுக்கித் தின்பதே உள்ளூர் முறை. வெள்ளைச் சட்டை வேண்டாம்.

இப்போது ஆல்பம். ஐ-10 மேற்கில் ஏறியதும் முதல் பாட்டிலிருந்து தொடங்குங்கள். கிட்டத்தட்ட ஒரு மணி நேரம் ஓடும். பின்சீட்டில் பிள்ளைகள் இருந்தால் போட வேண்டாம். வசை உண்டு, வன்முறை உண்டு, பெண்களைப் பற்றிய பேச்சு பல இடங்களில் கொச்சை. அதை இசைக்காக மன்னித்துவிடுங்கள் என்று சொல்ல மாட்டேன். ‘மர்டர்’ வரும்போது பன் பி-யின் சரணத்தை ஒரு முறை சும்மா கேட்டு, மறு முறை அவர் எங்கே மூச்சு வாங்குகிறார் என்று மட்டும் கவனியுங்கள். சொற்களை அடுக்கிக்கொண்டே போய், கேட்பவர் மூச்சுத் திணறும்போதுதான் அவர் வாங்குவார். அடுத்து வரும் பாடல்களில் வேகம் தணிந்து ‘டைமண்ட்ஸ் அண்ட் வுட்’. பூட்ஸி காலின்ஸ் குழுவின் பழைய ஃபங்க் பாட்டின் சாயல் அடியில் மிதக்க, மேலே களைத்துப்போன ஒருவனின் குரல். தலைப்பில் வரும் ‘வுட்’ மரத்தில் செய்த ஸ்டியரிங். வண்டி நன்றாக இருக்கிறது, உள்ளே இருப்பவன் நன்றாக இல்லை என்பதுதான் பாட்டு.

தனிப் பாடலாக எதையும் வெளியிடவில்லை, ஒரு வீடியோகூட எடுக்கவில்லை. ஆனாலும் பில்போர்டின் ஆர்&பி பட்டியலில் 2-ஆம் இடம், பொதுப் பட்டியலில் 15-ஆம் இடம், பிறகு 5 லட்சம் பிரதிக்கான தங்கச் சான்றிதழ். விளம்பரம் செய்தது இந்தச் சாலையில் ஓடிய கார்கள்தான்.

அந்தக் கார்களைப் பார்க்க ஞாயிறு மாலை ஹூஸ்டனின் தென்பகுதி, மார்ட்டின் லூதர் கிங் பூலவார்ட், மெக்ரிகர் பார்க் பக்கம். ‘ஸ்லாப்’ என்பார்கள். பழைய கேடிலாக், ப்யூக் வண்டிகள். சக்கரத்தின் நடுவிலிருந்து கம்பிகள் முழங்கை போல வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். 1983, 84 மாடல் கேடிலாக்குகளுக்கு வந்த 30 கம்பிச் சக்கரம்தான் மூலம், அதனால் 83, 84 என்று எண்ணைச் சொல்லியே அழைப்பார்கள். டயர் வோக் என்ற வகை, ஓரத்தில் வெள்ளையும் கடுகு மஞ்சளும் கோடு. கேண்டி பெயின்ட் என்பது முதலில் வெள்ளியோ தங்கமோ மினுங்கும் அடிப்பூச்சு, மேலே ஒளி ஊடுருவும் நிறப்பூச்சு பல கோட், கடைசியில் தெளிபூச்சு. வண்ணம் தெளிக்கும் துப்பாக்கியைப் பிடித்த கை ஒரு நொடி தாமதித்தாலும் அந்த இடம் கருத்து வரியாகத் தெரியும். ஒரு கீறல் விழுந்தால் அந்த இடத்தை மட்டும் ஒட்டுப்போட முடியாது, நிறம் ஒத்து வராது, பெரும்பாலும் அந்தப் பலகம் முழுவதையும் மறுபடி அடிக்க வேண்டும். ஆகவே மோதிரக் கையோடு சாய்ந்து நின்று படம் எடுக்காதீர்கள், தூசியைத் துடைக்கக்கூடத் தொடாதீர்கள். உரிமையாளரிடம் கேட்டால் டிக்கியைத் திறந்தே காட்டுவார். உள்ளே நியான் எழுத்தும் ஸ்பீக்கர்களும் இருக்கும். உங்கள் வண்டியை அவர்கள் வரிசைக்குப் பக்கத்துத் தடத்தில் ஓட்டாதீர்கள். இடமும் வலமுமாக வளைத்து ஓட்டுவதுதான் அவர்கள் அழகு, நீட்டிய சக்கரத்துக்குப் பக்கத்தில் இடம் வேண்டும்.

சிடி வாங்கிப் போகிறவர்கள் 2007 ஆகஸ்டில் வந்த ‘அண்டர்கிரவுண்ட் கிங்ஸ்’ இரட்டைத் தொகுப்பையும் சேர்த்து வாங்குங்கள். 2005 டிசம்பர் கடைசியில் பிம்ப் சி சிறையிலிருந்து வந்த பிறகு இருவரும் சேர்ந்து செய்தது, பில்போர்டில் நேராக முதலிடத்தில் இறங்கியது. அவுட்காஸ்ட் என்ற ராப் இரட்டையர்களும் சேர்ந்து பாடிய ‘இன்டர்நேஷனல் ப்ளேயர்ஸ் ஆந்தம்’ அதில்தான். ஆனால் கேட்கும் வரிசையில் அதை முதலில் வைக்காதீர்கள். இவர்களின் முந்தைய ஆல்பமான ‘சூப்பர் டைட்’, பிறகு ‘ரைடின் டர்ட்டி’, அதன் பிறகுதான் இது. அப்போதுதான் ஆர்கன் எங்கே தொடங்கி எங்கே வந்து சேர்ந்தது என்பது காதுக்குத் தெரியும்.